பெயர் இழந்த வேந்தன்

நைல் நதியின் புகழைப் பேசுவோர் எகிப்தோடு நின்றுவிடுவது வழக்கம். அதற்குத் தெற்கே, இன்றைய சூடான் நாட்டில், குஷ் என்னும் பேரரசு ஒன்று விளங்கிற்று. கி.மு. 8-ஆம் நூற்றாண்டில் எகிப்தையே வென்று ஆண்டது அவ்வரச மரபு. பின்னர் எகிப்தை இழந்தும் தன் நாட்டை அது இழக்கவில்லை. ஏறத்தாழக் கி.மு. 600-இல் அங்கே முடிசூடியவன் அஸ்பெல்டா.

அவனுடைய உடன்பிறந்தானாகிய அன்லாமனி என்னும் அரசன் மறைந்தபின் நிகழ்ந்ததை, ஜெபல் பர்கல் குன்றின் அடியில் 1862-இல் கிடைத்த கல்வெட்டு ஒன்று கூறுகிறது. தலைவனை இழந்த படையினர் குன்றருகே திரண்டனர். யாரை அரசனாக்குவது என்று அறியாது கலங்கி, முடிவை அமுன் தெய்வத்திடமே விட்டனர். அரச குலத்து உடன்பிறந்தார் பலரைச் சந்நிதியில் நிறுத்தினர். தெய்வம் ஒருவரையும் ஏற்கவில்லை. பின்னர் அஸ்பெல்டாவை நிறுத்தினர். இவனே அரசன் என்று தெய்வம் அருளியதாம். அவன் உரிமைக்குச் சான்றாகத் தாய், தாயின் தாய் என ஏழு தலைமுறைப் பெண்களின் பெயர்களும் அக்கல்லில் பொறிக்கப்பட்டன.

ஆயின், நேயர்களே, அக்கல்லில் அஸ்பெல்டாவின் பெயரையும் அப்பெண்களின் பெயர்களையும் யாரோ உளிகொண்டு சிதைத்திருக்கின்றனர். தப்பி நின்ற பட்டப்பெயர்களைக் கொண்டே அறிஞர்கள் அவனை இன்னான் என்று உணர்ந்தனர். கி.மு. 593-இல் படையெடுத்து வந்த எகிப்திய மன்னன் இரண்டாம் சாமெடிக்கின் வீரர்கள் செய்த செயல் இது என்பர் சிலர். அரச குடும்பத்துப் பகையின் விளைவு என்பர் வேறு சிலர். எனக்குப் பின்னதே பொருத்தமாகத் தோன்றுகிறது. பாட்டியரின் பெயர்களைத் தேடித் தேடி அழிக்கும் சினம் அயலானுக்கு ஏது? அரியணை உரிமை அப்பெயர்களில் இருந்தது என்பதை நன்கு அறிந்தவர்கள் தாயாதிகளே அல்லரோ?

அஸ்பெல்டாவை அடக்கம் செய்தது ஆற்றின் எதிர்க்கரையிலுள்ள நூரியில். தகர்க்கா முதலிய மன்னர்களின் பிரமிடுகள் நிறைந்த இடம் அது. 1916 முதல் 1918 வரை ஜார்ஜ் ரைஸ்னர் அங்கே அகழ்ந்தார். அஸ்பெல்டாவின் பிரமிடுக்கு அடியில், நிலத்தைக் குடைந்து அமைத்த மூன்று அறைகளும், தெய்வ உருவங்களும் மந்திரங்களும் செதுக்கிய மாபெரும் கற்பேழையும் வெளிப்பட்டன. 15 டன்னுக்கும் மேற்பட்ட எடையுள்ள அப்பேழை பாஸ்டன் நகரத்து நுண்கலை அருங்காட்சியகத்தைச் சேர்ந்தது. அதிலே அவன் பெயர் இருக்கிறது.

கல்வெட்டைச் சான்றாகக் கொள்ளும்போது, அதில் எழுதியிருப்பதை மட்டும் படித்தல் போதாது. அழித்திருப்பதையும் படித்தல் வேண்டும். அஸ்பெல்டாவின் வரலாறு நமக்குக் கற்பிக்கும் பாடம் இதுவே.