கெட்ட ரத்தம்: கணினி விளையாட்டுக்குள் பரவிய கொள்ளைநோய்

2005ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம். அயர்ன்ஃபோர்ஜ், ஆர்க்ரிம்மார் என்ற இரண்டு பெரிய நகரங்களின் தெருக்களில் எலும்புக்கூடுகள் குவிந்து கிடந்தன. சந்தைக்கு வந்தவர்கள் நின்ற இடத்திலேயே செத்து விழுந்தார்கள். தப்பித்தவர்கள் காட்டுப்பக்கம் ஓடினார்கள்.

இந்த நகரங்களை எந்த நாட்டு வரைபடத்திலும் தேட வேண்டாம். இவை 'வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட்' என்ற இணைய விளையாட்டில் இருப்பவை. நோயும் மந்திரத்தால் வந்த கற்பனை நோய்தான். ஆனால் ஓடியவர்கள் அத்தனை பேரும் கணினி முன்னால் உட்கார்ந்திருந்த நிஜ மனிதர்கள். அதனால்தான் இந்தச் சம்பவம் மருத்துவ ஆய்விதழ்கள் வரை போனது.

நோய் பிறந்த கதை

பிளிஸ்ஸார்ட் நிறுவனம் 2004 நவம்பரில் வெளியிட்ட விளையாட்டு இது. அடுத்த ஆண்டே உலகம் முழுவதும் 40 லட்சம் பேருக்கு மேல் சந்தா கட்டி விளையாடிக் கொண்டிருந்தார்கள். 2005 செப்டம்பர் 13 அன்று ஸுல்குருப் என்ற புதிய கோயில் நகரம் சேர்க்கப்பட்டது. அதன் கடைசியில் காத்திருப்பவன் ஹக்கார், பூதர்கள் கும்பிடும் ரத்தக் கடவுள். அவனை வீழ்த்த அப்போது 20 பேர் கொண்ட குழு தேவைப்பட்டது.

ஹக்கார் எதிரிகள் மீது ஏவும் மந்திரத்தின் பெயர் 'கரப்டட் பிளட்', அதாவது கெட்டுப்போன ரத்தம். அது பிடித்தவருக்குச் சில நொடிக்கு ஒருமுறை 250 முதல் 300 உயிர்ப்புள்ளிகள் குறையும். பக்கத்தில் நிற்பவரையும் தொற்றிக் கொள்ளும். அப்போது உச்ச நிலையாக இருந்த 60ஐ எட்டிய வீரரிடம் சில ஆயிரம் புள்ளிகள் இருந்ததால் அவர் கொஞ்சம் தாக்குப்பிடித்தார். புதிதாக ஆட வந்தவர் கண் இமைக்கும் நேரத்தில் காலி! இந்த மந்திரம் கோயிலுக்குள் நடக்கும் சண்டையோடு முடிந்துவிட வேண்டும் என்பதே நிறுவனத்தின் திட்டம்.

ஓட்டை எங்கே?

வேட்டைக்காரர்களும் சூனியக்காரர்களும் கூடவே ஒரு வளர்ப்புப் பிராணியையோ பூதத்தையோ வைத்திருப்பார்கள். வேண்டாதபோது அதை மறைய வைக்கலாம், வேண்டும்போது திரும்ப அழைக்கலாம். நோய் பிடித்த பிராணியை மறைய வைத்தால் நோயின் கடிகாரம் அப்படியே நின்றுவிடும். நகரத்துக்குப் போய் அதைத் திரும்ப அழைத்தால், விட்ட இடத்திலிருந்து நோய் தொடரும். கூட்டம் நிறைந்த சந்தையில் இப்படி ஒரே ஒரு பிராணி போதுமானதாக இருந்தது.

இரண்டாவது ஓட்டை இன்னும் மோசம். கடைக்காரர், காவலர் போன்ற கணினி இயக்கும் பாத்திரங்களுக்கும் நோய் தொற்றியது. அவர்கள் சாகவில்லை, அறிகுறியும் காட்டவில்லை, ஆனால் பரப்பினார்கள். நிஜ வரலாற்றிலும் இப்படி ஒருவர் உண்டு. நியூயார்க்கில் சமையல் வேலை செய்த மேரி மாலன், தனக்கு எந்த நோயும் தெரியாமலே டைபாய்டு கிருமியைச் சுமந்து, சமைத்துப் போட்ட வீடுகளில் பரப்பினார். 1907இலும் 1915இலும் அரசு அவரைப் பிடித்துத் தனிமைப்படுத்தியது.

விளையாட்டில் ஓர் ஊரிலிருந்து இன்னொரு ஊருக்கு மந்திரத்தால் நொடியில் போகலாம். நிஜத்தில் அந்த வேலையை விமானம் செய்கிறது. 2003இல் ஹாங்காங் ஹோட்டல் ஒன்றில் தங்கிய ஒரு மருத்துவரிடமிருந்து சார்ஸ் நோய் சக விருந்தினர்களுக்குத் தொற்றி, அவர்கள் வழியாக வியட்நாம், சிங்கப்பூர், கனடா வரை போனது.

மனிதர்கள் என்ன செய்தார்கள்?

இதுதான் சம்பவத்தின் முக்கியமான பகுதி. நோயைத் தீர்க்கும் சக்தி கொண்டவர்கள் சிலர், தாங்களும் சாகலாம் என்று தெரிந்தே மற்றவர்களைக் குணப்படுத்த நகரத்துக்குள் நின்றார்கள். சிலர் நகர வாசலில் நின்று, உள்ளே போகாதீர்கள் என்று வருகிறவர்களை எச்சரித்தார்கள். பலர் ஆளில்லாத இடங்களுக்கு ஓடினார்கள். சிலர் என்னதான் நடக்கிறது என்று வேடிக்கை பார்க்க வந்து, நோயை வாங்கிக்கொண்டு போனார்கள். இன்னும் சிலர் வேண்டுமென்றே நோயைச் சுமந்து போய்க் கூட்டத்துக்குள் விட்டார்கள்.

நிறுவனம் முதலில் தனிமைப்படுத்தலை முயன்று பார்த்தது. பலர் அதை மதிக்கவில்லை. கடைசியில் சர்வர்களையே மறுதொடக்கம் செய்து, வளர்ப்புப் பிராணிகளை நோய் பிடிக்காதபடி மாற்றிய பிறகு, 2005 அக்டோபர் 8 அன்று நோய் முடிவுக்கு வந்தது. நிஜ உலகத்துக்கு அப்படி ஒரு மறுதொடக்கப் பொத்தான் கிடையாது.

ஆய்வாளர்கள் வந்தார்கள்

2007இல் இஸ்ரேலைச் சேர்ந்த ரான் பாலிசர் 'எபிடெமியாலஜி' இதழிலும், அமெரிக்காவின் எரிக் லோஃப்கிரென், நீனா ஃபெஃபர்மன் இருவரும் 'லான்செட் இன்ஃபெக்ஷியஸ் டிசீசஸ்' இதழிலும் இதைப் பற்றி எழுதினார்கள். அவர்களின் ஆர்வத்துக்குக் காரணம் உண்டு. கொள்ளைநோய் எப்படிப் பரவும் என்று கணக்குப் போடும் மாதிரிகளில் மனித நடத்தையை நாமே ஊகித்துத்தான் எழுத வேண்டும். நிஜ மனிதர்களிடம் ஒரு நோயை அவிழ்த்துவிட்டுச் சோதிக்க முடியாது, கூடாது. இந்த விளையாட்டில் அந்தச் சோதனை யாரும் திட்டமிடாமலே நடந்துவிட்டது. வேடிக்கை பார்க்க வந்து நோயோடு திரும்பியவர்களைப் போன்றவர்களை மாதிரிகள் கணக்கில் எடுத்திருக்கவில்லை என்று லோஃப்கிரெனும் ஃபெஃபர்மனும் கவனித்தார்கள்.

இதற்கு மறுப்பும் உண்டு. விளையாட்டில் செத்தால் ஆவியாக ஓடி வந்து மறுபடி உயிர் பெறலாம். அதனால் அங்கே துணிச்சலும் மலிவு, குறும்பும் மலிவு. உயிர் போகும் என்றால் மனிதர்கள் அப்படி நடப்பார்களா? நியாயமான கேள்விதான்.

2020இல் கோவிட்-19 வந்தபோது அதற்குப் பாதி பதில் கிடைத்தது. செத்தால் திரும்பி வர முடியாது என்று தெரிந்தும் ஊரடங்கை மீறிக் கூடியவர்கள் இருந்தார்கள். அறிகுறி இல்லாமல் பரப்பியவர்கள் இருந்தார்கள். அதே நேரத்தில் ஆபத்து தெரிந்தே வார்டுக்குள் நின்ற செவிலியர்களும் மருத்துவர்களும் இருந்தார்கள். பலர் உயிரையும் கொடுத்தார்கள். அவர்களின் துணிச்சல் மலிவானதாக இருக்கவில்லை.

பிளிஸ்ஸார்ட் சரிசெய்தது நிரலில் இருந்த பிழையை மட்டுமே. ஆனால் நோயைப் பரப்பியதில் பாதி வேலையை ஆட்டக்காரர்களே செய்தார்கள். ஒரு நோயின் வரலாற்றை எழுத, கிருமியைப் பற்றித் தெரிந்தால் மட்டும் போதாது, பக்கத்தில் நின்ற மனிதன் என்ன செய்தான் என்றும் தெரிய வேண்டும். ஹக்கார் என்ற பொய்க்கடவுள் கற்றுக் கொடுத்துவிட்டுப் போன உண்மையான பாடம் இதுதான்.