வினாவும் திருவரங்கமும்

கேட்பதற்கும் இலக்கணம் வகுத்த மொழி தமிழ். ஆ, ஏ, ஓ என்னும் மூன்றையும் வினா எழுத்துகளாகத் தொல்காப்பியம் குறித்தது. 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், சீயகங்கன் வேண்ட நன்னூல் இயற்றிய பவணந்தி முனிவர், எ, யா இரண்டனையும் சேர்த்து ஐந்தாக்கினார். கேட்போன் மனநிலை நோக்கி அறிவு, அறியாமை, ஐயம், கொளல், கொடை, ஏவல் என வினாவை அறுவகைப்படுத்தினார்.

அங்கு, இங்கு, எங்கு என முதலெழுத்து மாறச் சுட்டு வினாவாகிறது. ஆங்கிலத்தின் ‘தேர்’, ‘ஹியர்’, ‘வேர்’ என்பனவற்றிலும் இதனையொத்த ஒழுங்கு உண்டு. ஆயினும் ஆங்கில வினாச்சொல் பெரும்பாலும் வாக்கியத்தின் முன்னே வந்து நிற்கும். தமிழ் வினாச்சொல்லோ விடை நிற்கும் இடத்திலேயே நிற்கும். ‘கண்ணன் எங்கே போனான்?’ ‘கண்ணன் உறையூர் போனான்.’ இனி, ‘கண்ணனா போனான்?’, ‘கண்ணன் போனானா?’ என்பவற்றை நோக்குக. ஐயம் எச்சொல்லின் மேலது என்பதை ஆகாரம் ஒன்றே காட்டிவிடுகிறது. ஆங்கிலேயர் இதற்குக் குரலழுத்தத்தையோ வாக்கிய மாற்றத்தையோ நாடுவர். ஏட்டில் குரல் இல்லை. ஆகவே கவிஞனுக்கு இவ்வோரெழுத்து பெருஞ்செல்வம்.

நன்னூல் எழுந்த காலத்தையொட்டித் திருவரங்கத்தில் நம்பிள்ளை திருவாய்மொழிக்குப் பொருள் விரித்தார். அதனை வடக்குத் திருவீதிப்பிள்ளை ஏடுபடுத்தியதே ஈடு முப்பத்தாறாயிரப்படி. கேட்போர் நெஞ்சில் எழக்கூடிய ஐயத்தை உரைகாரர் தாமே எழுப்பி, ‘என்னில்’ என நிறுத்தி, விடை பகர்வது அவ்வுரைநெறி. அங்கே வினா அறியாமையின் அடையாளமன்று. அறிந்தவர் அறியாதாரை உடனழைத்துச் செல்லும் வழி.

இலக்கணம் வினாவை வகுத்தது. அரங்கம் அதனை வாழவைத்தது. கேள்வி என்னும் ஒரு சொல்லே வினவுதலையும், செவியால் பெறும் கல்வியையும் குறிப்பது பொருத்தமே.