நந்தா தேவி: இருமுறை மூடப்பட்ட மலை

கர்வால் இமயத்தில் 7,816 மீட்டர் உயர்ந்து நிற்பது நந்தா தேவி. எல்லைக்கோட்டில் அமையாமல் முழுவதும் இந்திய நிலத்திற்குள் அடங்கிய சிகரங்களில் இதுவே மிக உயர்ந்தது. இம்மலையின் வரலாறு ஏறியவர்களின் வரலாறாகவே பெரும்பாலும் எழுதப்பட்டுள்ளது. அதன் அடிவாரத்தில் வாழ்ந்தவர்களின் பக்கம் அதிகம் பேசப்படவில்லை.

இம்மலையை முதலில் மூடியது இயற்கை. ஏறத்தாழ 110 கிலோமீட்டர் சுற்றளவில் பனிச்சிகரங்கள் மதில்போல் சூழ, நடுவே தனித்து எழுகிறது நந்தா தேவி. மதிலுக்குள் விழும் பனி உருகி வெளியேற மேற்கே ரிஷி கங்கையின் செங்குத்தான பள்ளத்தாக்கு ஒன்றே வழி. சூழ்ந்த மலைகள் மழைமேகங்களைத் தடுப்பதால் உள்வெளி பொதுவாக வறண்டது. எனினும் ஜூன் இறுதி முதல் செப்டம்பர் தொடக்கம் வரை பருவமழை வலுத்துப் பெய்யும். ஆண்டில் ஆறு மாதம் பனி மூடியிருக்கும்.

1883இல் கிரகாம் முயன்று திரும்பினார். பின்வந்தோரும் பள்ளத்தாக்கைக் கடக்க இயலாது மீண்டனர். 1934இல் எரிக் ஷிப்டன், பில் டில்மன் இருவரும் ஆங் தார்க்கே, பாசாங், குசாங் என்னும் மூன்று ஷெர்ப்பாக்களுடன் உள்ளே நுழைந்தனர். 1936 ஆகஸ்ட் 29 அன்று டில்மனும் நோயல் ஓடலும் உச்சியை அடைந்தனர். 1950இல் அன்னபூர்ணா ஏறப்படும்வரை மனிதர் எட்டிய மிக உயர்ந்த சிகரம் இதுவே. அப்பயணத்தில் கிடார் என்னும் ஷெர்ப்பா நோயுற்று இறந்தார். டில்மன், ஓடல் பெயர்களுடன் அவர் பெயரும் நினைக்கப்பட வேண்டியது.

1965இல் சீனாவின் ஏவுகணைச் சோதனைகளை உளவறிய, புளூட்டோனியத்தால் இயங்கும் கருவியொன்றை அமெரிக்க, இந்திய உளவுத்துறைகள் இம்மலைக்குக் கொண்டுசென்றன. புயலால் அது பாதிவழியில் விடப்பட்டது; மறுஆண்டு சென்றபோது காணவில்லை. இன்றுவரை கிடைக்கவில்லை. 1978இல்தான் இச்செய்தி நாடாளுமன்றத்தில் ஒப்புக்கொள்ளப்பட்டது. அந்த நீரைக் குடிக்கும் கிராமங்களிடம் எவரும் முன்பு கேட்கவுமில்லை, சொல்லவுமில்லை.

இரண்டாம் முறை மலையை மூடியது சட்டம். 1974இல் மலையேற்றம் மீண்டும் அனுமதிக்கப்பட்டதும் குழுக்கள் பெருகின. விறகுக்காக மரங்கள் வெட்டப்பட்டன, குப்பை குவிந்தது. 1982இல் தேசியப் பூங்கா அறிவிக்கப்பட்டு, அடுத்த ஆண்டு முதல் உள்வெளி முற்றிலும் மூடப்பட்டது. காடு மீண்டது. இதை மறுப்பதற்கில்லை. ஆனால் லாத்தா, ரேணி போன்ற ஊர்களின் மேய்ச்சல், சுமை தூக்கல், வழிகாட்டல் ஆகிய தொழில்களும் அதனுடன் மூடப்பட்டன. 1974 மார்ச்சில் கௌரா தேவியின் தலைமையில் மரங்களைக் கட்டித் தழுவிக் காட்டைக் காத்த பெண்களின் ஊரே ரேணி. காட்டைக் காத்தவர்களும் அழித்தவர்களும் ஒரே தடையில் வெளியேற்றப்பட்டனர். 1998இல் கிராமத்தார் தடையை மீறி உள்ளே நுழைந்தனர். அவ்வியக்கத்தின் பெயர் 'ஜப்டோ சீனோ'. பாய்ந்து பறி என்பது பொருள்.

கர்வாலி மொழியில் மணமாகிப் புகுந்த வீடு சென்ற ஊர்ப் பெண்ணைத் 'தியாணி' என்பர். நந்தாவை அம்மக்கள் தம் ஊர்த் தியாணியாகவே பாடுகின்றனர்; ராஜ் ஜாத் என்னும் நெடும்பயணம் அவளைப் பிறந்தகத்திலிருந்து கைலாயத்திற்கு வழியனுப்பும் சடங்கு. அரசின் ஆவணத்தில் அவள் காப்பு மண்டலம். மலையேறிகளின் ஏட்டில் வெற்றி கொண்ட சிகரம். இயற்கைக் காப்புத் திட்டம் எதுவும் மூன்றாவது உறவையும் கணக்கில் கொள்ள வேண்டும். மகளைப் பார்க்கப் போகும் வழியைத் தாய்வீட்டாரிடம் கேளாமல் மூடிவிட்டு, அதைப் பாதுகாப்பு என்று மட்டும் அழைப்பது முழு உண்மையாகாது.