ரோட்ஸ், வில்பிரட் (1877–1973)

இங்கிலாந்தின் யார்க்ஷயர் கவுண்டிக்காக 1898 முதல் 1930 வரை ஆடியவர்; கிரிக்கெட்டையே ஜீவனோபாயமாகக் கொண்ட ஆட்டக்காரர்களுள் முதலிடத்தில் வைத்து எண்ணத்தக்கவர். ஹடர்ஸ்பீல்டு நகரை அடுத்த கர்க்ஹீட்டன் கிராமத்தில் 1877 அக்டோபர் 29 அன்று பிறந்தார். யார்க்ஷயர் அணியில் அவருக்கு நெடுங்காலத் துணையாக விளங்கிய ஜார்ஜ் ஹெர்ஸ்டும் அவ்வூரிலேயே பிறந்தவர். இருவரும் இடக்கையால் பந்து வீசி, வலக்கை ஆட்டக்காரராக மட்டை பிடித்தவர்கள்.

இளம் பிராயத்தில் ரோட்ஸ் மிர்பீல்டு என்னும் ஊரில் ரயில் எஞ்சின் கொட்டகையில் வேலை பார்த்தார். ஆட்டத்துக்கு நேரமாகிவிட்டதென்று ஒரு நாள் வேலை முடியும் மணியை வேளைக்கு முன்பே அடித்துவிட்டுப் போனதால் அவ்வேலை பறிபோயிற்று. பின்னர் பண்ணையில் கூலிக்கு உழைத்துக்கொண்டே பந்துவீச்சைப் பயின்றார். வெளியே ஆட இயலாத குளிர்காலத்தில், விறகுக் கொட்டிலுக்குள் நின்று, பந்தின் ஒரு பாதிக்குச் சுண்ணத்தால் வெள்ளை பூசி, அது கையை விட்டு நீங்கியபின் எவ்வளவு சுழல்கிறது என்பதை அந்த நிறத்தின் ஓட்டத்தைக் கண்ணால் தொடர்ந்தே கணித்து, நாள்தோறும் தன்னந்தனியாக வீசிப் பழகினார் என்பது அவர் சரித்திரத்தில் மறக்கலாகாத செய்தி. இந்த அப்பியாசத்தின் பலனை ஸ்காட்லாந்தில் காலா என்னும் சங்கத்துக்குச் சம்பள ஆட்டக்காரராகச் சென்று இரண்டு பருவங்கள் சோதித்துக் கொண்டார். வார்விக்ஷயர் கவுண்டியில் இடம் கேட்டபோது, அக்கவுண்டி பண நெருக்கடி காரணமாக அவரை எடுத்துக்கொள்ளவில்லை. அதற்குள் யார்க்ஷயரின் இடக்கைப் பந்துவீச்சாளராகிய பாபி பீல், ஒழுங்குக் குறைவுக்காக 1897-ல் அணித்தலைவர் ஹாக் பிரபுவால் விலக்கப்பட்டார். அந்தக் காலி இடம் அடுத்த ஆண்டு ரோட்ஸுக்குக் கிட்டியது.

அக்காலக் கவுண்டி ஆட்டக்காரரின் நிலைமையை அறியாமல் இவர் வாழ்க்கையை மதிப்பிட முடியாது. சம்பளம் வாங்காத கனவான்கள் ஒரு ஜாதி, சம்பளத்துக்கு ஆடுவோர் மற்றொரு ஜாதி என்னும்படி, இரு வகுப்பினரும் ஒரே அணியில் தோளோடு தோள் நின்று ஆடியபோதிலும், உடைமாற்றும் அறையும் மைதானத்துக்குள் இறங்கும் வாயிலும் பல இடங்களில் வேறு வேறாகவே இருந்தன; தலைமைப் பதவியோ கனவான்களுக்கே உரியதாக இருந்தது. கோடை முடிந்ததும் சம்பளமும் நின்றுபோகும். ஹாக் பிரபு தம் ஆட்டக்காரர்களிடம் கண்டிப்பாக நடந்துகொண்டவரே ஆயினும், குளிர்காலத்தில் வாரம் 2 பவுன் கிடைக்க ஏற்பாடு செய்தவரும் அவரே என்பதைச் சொல்லாமல் விடுவது நியாயமாகாது. நெடுநாள் உழைத்தவருக்காக நடத்தப்பெறும் உதவி ஆட்டத்தின் வசூல்தான் முதுமைக்கு முதல். ஹெர்ஸ்டுக்கு 1904-ல் இவ்வகையில் 3,703 பவுன் சேர்ந்தது. இத்தகைய தொகைக்கு வருமான வரி இல்லை என்பது, கெண்ட் கவுண்டியின் ஜேம்ஸ் சீமோர் வழக்கில், 1927-ல் பிரபுக்கள் சபையின் தீர்ப்பால்தான் நிலைபெற்றது.

முதல் பருவத்திலேயே பாத் நகரில் சாமர்செட்டுக்கு எதிராக 45 ரன்களுக்கு 13 விக்கெட்டுகளை வீழ்த்தினார் ரோட்ஸ். அவ்வாண்டு முழுவதிலும் கணக்கு 154. அப்பால் 1900, 1901, 1902 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் இருநூறுக்குக் குறையவில்லை; 1900-ல் 261. சில அடிகளே நடந்து, சிரமமின்றிக் கையைச் சுழற்றி அவர் விடும் பந்து, மட்டைக்காரர் கணித்த இடத்துக்குச் சற்று முன்னதாகவே இறங்கி அவரை ஏமாற்றும். சுழற்சியைக் காட்டிலும் பந்து காற்றில் செல்லும் வளைவே அவருடைய வித்தையின் மர்மம் என்பது நம் அபிப்பிராயம். ஆடுகளத்தை மூடிவைக்கும் வழக்கமில்லாத அந்நாளில், மழையில் நனைந்து வெயிலில் காயும் தரை அவருக்குப் பேருதவி புரிந்தது. 1902-ல் எட்ஜ்பாஸ்டனில் ஆஸ்திரேலியாவை 36 ரன்களில் சுருட்டியபோது 17 ரன்களுக்கு 7 விக்கெட்டுகள் இவருடையவை.

அதே கோடையில் ஓவல் மைதானத்தில், 263 ரன் எடுக்கவேண்டிய இங்கிலாந்து, ஜெஸ்ஸப்பின் சதத்தால் மீண்டு, இன்னும் 15 ரன் வேண்டியிருக்கையில் ஒன்பதாவது விக்கெட்டையும் இழந்தது. கடைசி ஆட்டக்காரராக இறங்கிய ரோட்ஸ், மறுமுனையில் நின்ற ஹெர்ஸ்டுடன் சேர்ந்து அதை நிறைவேற்றினார். "ஒவ்வொன்றாகவே எடுத்துவிடுவோம்" என்று ஹெர்ஸ்ட் கூறியதாக ஒரு கதை உலகெங்கும் வழங்குகிறது. அப்படிப் பேசிக்கொள்ளவே இல்லை என்று இருவருமே மறுத்திருக்கிறார்கள். அலங்காரக் கதையினும் அவர்கள் வார்த்தையே நம்பத்தக்கது.

கடைசி இடத்தோடு திருப்தி அடையாத ரோட்ஸ், மட்டை வித்தையையும் அதே சிரத்தையுடன் கற்றார். 1903 டிசம்பரில் சிட்னியில் பாஸ்டருடன் கடைசி விக்கெட்டுக்கு 130 ரன் சேர்த்தவர், படிப்படியாக உயர்ந்து, 1912-ல் மெல்போர்னில் ஹாப்ஸுடன் முதல் விக்கெட்டுக்கு 323 ரன் குவித்தார். டெஸ்ட் ஆட்டத்தில் ரோட்ஸைப் போல ஒன்று முதல் பதினொன்று வரை எல்லா இடங்களிலும் மட்டை பிடிக்க இறங்கியவர்கள் மிகச் சிலரே. அவர்களுள் நம் வினூ மன்கடும் ஒருவர். அந்த மன்கட் 1956-ல் சென்னையில் பங்கஜ் ராயுடன் முதல் விக்கெட்டுக்கு 413 ரன் எடுத்தது தமிழ் வாசகர்க்கு நினைவிருக்கும்.

முதல் உலக யுத்தத்தில் யார்க்ஷயரின் பந்துவீச்சாளர் பூத் களத்தில் மாண்டார். அவ்வணியின் மற்றொரு பந்துவீச்சாளர் டிரேக் நோயுற்று 1919-ல் இறந்தார். யுத்த காலத்தில் வெடிமருந்துத் தொழிற்சாலையில் பணியாற்றிய ரோட்ஸ், நாற்பதைக் கடந்த வயதில், அணியின் தேவையறிந்து மீண்டும் பந்தைக் கையிலெடுத்து, 1919-ல் 164 விக்கெட்டுகள் சாய்த்தார். 1922 முதல் 1925 வரை யார்க்ஷயர் தொடர்ந்து நான்கு ஆண்டுகள் கவுண்டி வாகை சூடியபோது, பெயரளவில் தலைவர் ஒரு கனவானாக இருந்தும் களத்தில் யோசனை சொன்னவர் இவரே. 1927-ல் அணித்தலைமையைத் தொழில்முறை ஆட்டக்காரர் ஒருவருக்கு அளிக்கத் துணிந்த நிர்வாகம், ரோட்ஸை விடுத்து இளையவராகிய சட்கிளிஃபை அழைத்தது. எழுந்த சர்ச்சையைக் கண்டு சட்கிளிஃபும் மறுத்துவிட்டார். ரோட்ஸுக்கு இழைக்கப்பட்ட அநீதி இது என்றே கொள்ளவேண்டும். முந்தைய ஆண்டுதான், 48 வயதில் மீண்டும் அழைக்கப்பட்டு, ஓவலில் 44 ரன்களுக்கு 4 விக்கெட் வீழ்த்தி, ஆஸ்திரேலியாவிடமிருந்து ஆஷஸ் பட்டத்தை மீட்க அவர் துணைநின்றிருந்தார்.

1930 ஏப்ரலில் ஜமைக்காவில் கடைசி டெஸ்ட் ஆடியபோது அவருக்கு வயது 52. அந்த ஆண்டே ஓய்வு பெற்றார். அவருடைய இடத்துக்கு ஹெட்லி வெரிட்டி வந்தார். ஹாரோ பள்ளியில் பயிற்சியளித்த நாளிலேயே மங்கத் தொடங்கிய பார்வை, 1952 அளவில் முற்றும் போயிற்று. ஆயினும் மைதானத்துக்கு வந்து, மட்டையில் பந்து படும் ஓசையைக் கொண்டே ஆட்டத்தைத் தொடர்ந்தார். கனவான், தொழில்முறையாளர் என்ற பிரிவினை 1962 நவம்பரில் ஒழிக்கப்பட்டபோது அவருக்கு வயது 85. டார்செட் பகுதியில் 1973 ஜூலை 8 அன்று காலமானார். 1,110 முதல்தர ஆட்டங்களும் 4,204 விக்கெட்டுகளும் அவர் பெயரில் உள்ளன. இரண்டையும் மிஞ்சியவர் எவரும் இல்லை.