சிதேரியன்: ஒரு பெயரடையின் வரலாறு

2004 ஜூன் 8ஆம் திகதி வெள்ளிக்கோள் சூரியனின் முகத்தைக் கடந்து சென்றது. அப்போது நான் ஆசிரியர் கலாசாலையில் பயிற்சி பெற்றுக்கொண்டிருந்தேன். முற்பகல் பதினொரு மணி கடந்து சிறிது நேரத்தில் தொடங்கிய அக்காட்சியை, ஒரு காட்போட் மட்டையில் ஊசித்துளையிட்டு வெள்ளைத்தாளில் விழுத்திப் பார்க்க முயன்றோம். தாளில் சூரியன் விழுந்தது, புள்ளி தெரியவில்லை. பிறகு யாரோ கொண்டுவந்த தொலைகாட்டியின் பின்னால் தாளைப் பிடித்தபோதுதான் மிளகளவான அந்தக் கறுப்புப் பொட்டைக் கண்டோம்.

அந்த நாட்களில் கலாசாலை நூலகத்தில் வானியல் பற்றிய பழைய ஆங்கில நூலொன்று கையில் கிடைத்தது. வெள்ளியின் வளிமண்டலம், வெள்ளியின் முகில்கள் என்று வரவேண்டிய இடங்களிலெல்லாம் 'சிதேரியன்' என்ற சொல் இருந்தது. எங்களிடமிருந்த அகராதிகளில் அது இல்லை. விரிவுரையாளர் ஒருவர் அச்சுப்பிழையாக இருக்கலாம் என்றார். நானும் அப்படியே விட்டுவிட்டேன். பல வருடங்களின் பின்னர் அதே சொல் ஓர் அம்பரெல்லா மரத்தின் தாவரவியற் பெயராக என் முன்னால் வந்து நின்றபோதுதான் அதைத் தேடத் தலைப்பட்டேன்.

ஆங்கிலத்தில் கோள்களுக்கான பெயரடைகள் லத்தீன் மொழியின் ஆறாம் வேற்றுமை அடியிலிருந்து பிறப்பன. மார்ஸ் என்ற பெயர் அவ்வேற்றுமையில் மார்ட்டிஸ் ஆகும்; அதிலிருந்து மார்ஷியன் வந்தது. யூப்பிற்றர் ஜோவிஸ் ஆகும்; ஜோவியன் வந்தது. வீனஸ் இதே விதிப்படி வெனரிஸ் ஆகும். அதிலிருந்து வரவேண்டிய சொல் வெனீரியல். ஆனால் அந்தச் சொல்லை வைத்தியர்கள் முந்திக்கொண்டார்கள். வீனஸ் காதலின் தெய்வமாகக் கருதப்பட்டதால், ஐந்து நூற்றாண்டுகளுக்கு முன்பே அது மேகநோய்களுக்குரிய சொல்லாகிவிட்டது. 'வெனீரியல் வளிமண்டலம்' என்று எந்த வானியலாளர் எழுதுவார்? எழுதினால் வாசிப்பவர் சிரிப்பார். வகுப்பில் சொன்னால் பையன்கள் மேசையைத் தட்டுவார்கள்.

'வீனுசியன்' என்றொரு சொல்லும் இருந்தது. அது விஞ்ஞானப் புனைகதைகளில் பரவியது. இலக்கணம் தெரிந்தவர்களுக்கு அது பிடிக்கவில்லை. எழுவாய் வடிவத்தின் ஈற்றை அப்படியே வைத்துக்கொண்டு விகுதியை ஒட்டியது பிழை என்றனர். அத்தோடு அச்சொல்லில் பச்சை மனிதர்களின் வாசனை வேறு அடித்தது. ஆகவே லத்தீனை விட்டுக் கிரேக்கத்துக்குப் போனார்கள். வீனஸின் கிரேக்க இணை அப்ரோடைற்றி. அவளுக்குரிய பட்டப்பெயர் கித்தேரியா. அதிலிருந்து சிதேரியன். 1950களிலும் 1960களிலும் வெளிவந்த வானியற் கட்டுரைகளில் இச்சொல்லைத் தாராளமாகக் காணலாம். வெள்ளியைச் சுற்றும் விண்கலம் அக்கோளுக்கு மிக அண்மையில் வரும் புள்ளியைப் 'பெரிசிதேரியன்' என்று அழைத்த வழக்கும் உண்டு.

கித்தேரியா என்றால் 'கித்தேராவைச் சேர்ந்தவள்' என்று பொருள் கொள்வது வழக்கம். கித்தேரா என்பது கிரேக்க நாட்டின் தென்கோடியில், மாலேயா முனைக்கு அப்பால் கிடக்கும் ஒரு தீவு. அப்ரோடைற்றி கடல் நுரையிலிருந்து பிறந்து முதலில் கித்தேராவை அண்மித்து, பின்னர் சைப்பிரஸில் கரையேறினாள் என்று ஹெஸியட் பாடியிருக்கிறார். ஹோமரின் ஒடிஸியிலும் இப்பட்டப்பெயர் வருகிறது, இலியட்டில் வருவதில்லை. ஆனால் இங்கே ஒரு சிக்கல் இருக்கிறது. தீவின் பெயரில் உயிர் நெடில். பட்டப்பெயரில் அதே இடத்தில் குறில். எதுகை மோனைக்காகக்கூட மாத்திரையை மாற்றத் தயங்கும் மரபில் வளர்ந்த நமக்கு இது சின்ன விடயமன்று. மொழியியலாளர் சிலர் இதனைக் காட்டியே, பட்டப்பெயர் தீவிலிருந்து வரவில்லை, பின்னாளில்தான் தீவோடு ஒட்டவைக்கப்பட்டது என்று வாதிட்டனர்.

என்னை அதிகம் ஈர்த்தது ஹெரோடோட்டஸ் தரும் செய்தி. 'வானத்து அப்ரோடைற்றி'யின் கோயில்களுள் மிகப் பழையது அஸ்கலான் நகரில் இருந்தது என்றும், சைப்பிரஸ் கோயில் அங்கிருந்தே வந்ததென்றும், கித்தேரா கோயிலை அதே சிரியப் பகுதியிலிருந்து சென்ற பீனீசியர் கட்டினர் என்றும் அவர் எழுதுகிறார். கித்தேராவைச் சூழ்ந்த கடலில் ஊதாச் சாயம் தரும் சங்குகள் மிகுதி. பீனீசியரின் வியாபாரமே அந்தச் சாயந்தான். மெசப்பொத்தேமியாவின் எஷ்னுன்னா நகரத்து அரசன் நராம்-சின்னின் பெயர் பொறித்த கல்லொன்றும் இத்தீவில் கிடைத்திருக்கிறது. பாபிலோனியர் வெள்ளியை இஷ்தார் என்று வணங்கியதோடு நில்லாமல், அது உதிப்பதையும் மறைவதையும் 21 ஆண்டுகளுக்குக் களிமண் ஏட்டில் குறித்தும் வைத்தவர்கள். ஆக, கிரேக்கத்தின் சொந்தச் சொத்தாக ஐரோப்பா கொண்டாடிய இந்தத் தெய்வத்தின் வழி கிழக்கிலிருந்துதான் போயிருக்கிறது.

அஸ்கலான் நமக்குப் புதிய பெயரன்று. ஸஹீஹுல் புகாரிக்கு விரிவுரை எழுதிய இமாம் இப்னு ஹஜர் அல்-அஸ்கலானி அவர்களின் குடும்பம் அந்த ஊரைச் சேர்ந்தது. அவர் பிறந்தது கெய்ரோவில். பழைய அஸ்கலானுக்குப் பக்கத்திலிருந்த அல்-மஜ்தல் ஊரின் எஞ்சிய மக்கள் 1950இல் காஸாவுக்கு அனுப்பப்பட்டார்கள். இன்று அந்த ஊரின் பெயரும் வேறு.

அறபிகள் வெள்ளியை அஸ்-ஸுஹறா என்றனர். ஒளி, வெண்மை என்ற பொருள்தரும் வேர் அது. அன்னை பாத்திமாவின் அஸ்-ஸஹ்றா என்ற சிறப்புப் பெயரும், அல்-அஸ்ஹர் என்பதும் அதே வேரில் முளைத்தவை. பூவைக் குறிக்கும் ஸஹ்றாவும் அதன் உறவே. இந்தச் சொல்லில் நாணுவதற்கு எதுவுமில்லை. நம் ஊர்களில் வீட்டுக்கு வீடு ஒரு ஸுஹறா இருக்கிறாள். வெனீரியல் என்ற சொல்லை வாயில் எடுக்கக் கூசிய அதே உலகில், ஒரு தகப்பன் தன் பிள்ளைக்கு ஆசையோடு வைக்கும் பெயராகவும் அக்கோள் இருந்து வந்திருக்கிறது.

எனினும் நம் பக்கத்திலும் ஒரு பழங்கதை உண்டு. அல்பகறா அத்தியாயம் 102ஆம் வசனம் பாபிலில் இருந்த ஹாரூத், மாரூத் பற்றிக் கூறுகிறது. அதில் ஸுஹறா என்ற பெயரே இல்லை. ஆனால் ஸுஹறா என்ற அழகி அவ்விரு வானவர்களையும் மயக்கி, அவர்களிடம் கற்ற சொல்லைக் கொண்டு வானேறி நட்சத்திரமாக மாற்றப்பட்டாள் என்ற கதை விரிவுரை நூல்களுக்குள் வந்து சேர்ந்துவிட்டது. இமாம் இப்னு கஸீர் இது கஅபுல் அஹ்பார் வழியாக வந்த இஸ்ராயீலிய்யாத் என்று முடிவு செய்தார். வியப்பு என்னவெனில், மேலே சொன்ன அஸ்கலானி அவர்கள் இதற்குப் பல அறிவிப்பு வழிகள் இருப்பதைக் காட்டி, அதற்கு ஓர் அடிப்படை இருக்கவேண்டும் என்று கருதியமைதான். அக்கதையில் என் மனம் ஒட்டுவதில்லை. இப்னு கஸீரின் பக்கமே நிற்கிறேன். இஷ்தாரின் நாட்டில் பிறந்த பழைய கதையொன்று ஆளை மாற்றி உடையை மாற்றி வந்ததாகவே படுகிறது.

இதைவிடக் கடுமையான இன்னொரு விவகாரம் உண்டு. அல்-உஸ்ஸாவை வெள்ளிக்கோளோடு தொடர்புபடுத்தும் ஆய்வாளர் பலர். அந்நஜ்ம் அத்தியாயம் அத்தெய்வத்தை வெறும் பெயர் என்று தள்ளிவிட்டது. ஆனால் எட்டாம் நூற்றாண்டில் திமிஷ்கின் யோவான் என்ற கிறிஸ்தவ அறிஞர், ஸரசேனியர் முன்னர் விடிவெள்ளியையும் அப்ரோடைற்றியையும் வணங்கியவர்கள் என்று எழுதி, தக்பீரில் அதன் எச்சம் இருக்கிறது என்பதுபோலக் காட்டினார். பின்னர் வந்த ஐரோப்பிய எழுத்தாளர்கள் ஒருபடி மேலே போனார்கள். லத்தீனில் வெள்ளிக்கிழமை என்பது வீனஸின் நாள். முஸ்லிம்களும் அந்த நாளைச் சிறப்பிக்கிறார்கள். ஆகவே இது வீனஸின் சமயம் என்றார்கள். றோஜர் பேக்கன் போன்ற ஒரு பெரிய மூளைகூட 1267இல் எழுதிய நூலில் வியாழனும் வெள்ளியும் கூடும் சோதிடச் சேர்க்கையை ஸரசேனியரின் மார்க்கத்தோடு இணைத்தது. ஜும்ஆ என்ற சொல்லுக்கு ஒன்றுகூடல் என்பதே பொருள். எந்தக் கோளும் அதில் இல்லை. அறபு படித்த ஒருவரிடம் கேட்டிருந்தால் ஒரு நிமிடத்தில் தீர்ந்திருக்கும். கேட்கவில்லை. ஒரு மொழியின் கிழமைப் பெயரை இன்னொரு மொழிக்காரரின் ஈமானுக்குச் சாட்சியாக்கினார்கள்.

நாமும் தமிழில் வெள்ளிக்கிழமை என்றே சொல்கிறோம். அதை வைத்து யாரும் நம்மை வெள்ளியை வணங்குபவர் என்று இதுவரை சொல்லவில்லை என்பது ஆறுதல்.

இனிக் கடலுக்கு வருவோம். ஐரோப்பியக் கலைஞருக்குக் கித்தேரா நிஜத்தீவாக இருக்கவில்லை. காதலின் கனவுத்தீவாக இருந்தது. 1717இல் வட்டோ என்ற பிரெஞ்சு ஓவியர் பட்டுடுத்த சோடிகள் அத்தீவுப் பயணத்தில் நிற்பதாகத் தீட்டிய ஓவியம் லூவர் அரும்பொருளகத்தில் இருக்கிறது. 1768 ஏப்ரலில் பூகன்வில் என்ற பிரெஞ்சுக் கப்பற்தலைவர் தஹிட்டித் தீவில் இறங்கியபோது, இந்தக் கனவையே கண்ணில் வைத்துக்கொண்டு அதற்குப் 'புதிய கித்தேரா' என்று பெயரிட்டார். ஒன்பது நாள் வரையே அங்கு தங்கினார். அந்த மக்கள் தம் நாட்டுக்கு ஏற்கெனவே ஒரு பெயர் வைத்திருந்தது பெரிதாகப் படவில்லை.

அடுத்த வருடம் அதே தீவுக்கு ஆங்கிலேயரான குக் வந்தார். அவர் வந்தது, 1769 ஜூன் 3ஆம் திகதி வெள்ளி சூரியனைக் கடப்பதைக் காண்பதற்கு. பூமிக்கும் சூரியனுக்கும் இடைப்பட்ட தூரத்தை அளக்க அக்காட்சி உதவும். குக் அவதானித்த இடம் இன்றும் வீனஸ் முனை என்றே அழைக்கப்படுகிறது. ஒருவர் வீனஸின் பட்டப்பெயரைத் தீவுக்கு வைத்தார். மற்றவர் வீனஸையே பார்க்க அத்தீவுக்கு வந்தார். இருவரும் பேசிவைத்துச் செய்ததல்ல. இதே கடப்பைப் புதுச்சேரியிலிருந்து பார்க்கக் காத்திருந்த பிரெஞ்சு வானியலாளர் லெ ஜென்ரியின் கதை பரிதாபமானது. 1761இல் கடலில் கப்பல் ஆடியதால் அளக்க முடியவில்லை. எட்டு வருடம் கீழைத்தேயங்களிலேயே தங்கினார். அந்த நாள் வந்தபோது முகில் மூடிவிட்டது. இவர்களுக்கெல்லாம் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே, வெள்ளியைச் சூரியனின் மேல் ஒரு புள்ளியாகக் கண்டதாக இப்னு ஸீனா எழுதியுள்ளார். அது 1032இன் கடப்பா அல்லது சூரியப் புள்ளியா என்பதில் ஆய்வாளரிடையே ஒத்த கருத்தில்லை.

தஹிட்டியில் வளர்ந்த புளிப்பும் இனிப்புமான பழமொன்று இரண்டு கப்பற்காரருக்கும் பிடித்துப்போயிற்று. குக்குடன் சென்ற ஓவியர் சிட்னி பாக்கின்சனின் குறிப்பேடு, அவர் கடலில் இறந்தபின், 1773இல் அச்சானது. அதில் அம்மரம் 'ஸ்பொன்டியாஸ் டுல்சிஸ்', இனியது, எனப்பட்டது. 1782இல் சொன்னேரா என்ற பிரெஞ்சுக்காரர் தன் பயண நூலில் அதனை 'ஸ்பொன்டியாஸ் சிதேரியா' என்றார். தமிழகக் கரையில் வாழ்ந்து அதன் மக்களைப் பற்றியும் விரிவாக எழுதியவர் இவர். தாவரவியலில் முந்திய பெயருக்கே உரிமை என்பதால் இன்று டுல்சிஸ் நிலைத்தது. ஆயினும் நம் நாட்டில் கையாளப்பட்ட பல நூல்களில் சிதேரியா என்றே நெடுங்காலம் இருந்தது. மொரீசியசிலும் கரிபியன் தீவுகளிலும் சந்தையில் விற்பவர்கூட 'சித்தேர்' என்று சொல்லியே அதை விற்கிறார்கள்.

நாம் அதை அம்பரெல்லா என்கிறோம். அம்பரலங்காய் என்போரும் உளர். உம்மா அதை மிளகாய்த்தூளும் சீனியும் போட்டு ஆக்கும் கறியில், கொட்டையின் முள்நார் பல்லிடுக்கில் மாட்டிக்கொள்ளும். அது கிரேக்கத் தெய்வம் ஒன்றின் பட்டப்பெயரைச் சுமக்கிறது என்று உம்மாவிடம் சொன்னபோது, "அப்ப திங்கக் கூடாதா மகன்?" என்றுதான் கேட்டார்.

விலங்கியலிலும் இச்சொல் புகுந்தது. கண்ணுக்குத் தெரியாத அளவான ஓட்டுயிரி ஒன்றுக்கு 1785இல் 'சிதேரே' என்றும், தேனீபோல் தோன்றும் ஈயினமொன்றுக்கு 1794இல் 'சிதேரியா' என்றும் பெயர் வைத்தார்கள். லமார்க் மட்டி இனமொன்றுக்கு அதே பெயரைக் கொடுத்தார். ஈ முந்திவிட்டதால் அது செல்லவில்லை.

வானியலில் இச்சொல் மங்கியதற்கு ஒரு காரணம், வெள்ளியே மாறிப்போனமை. ஆங்கிலத்தில் 1918இல் வெளிவந்த தன் நூலில் ஆர்ஹீனியஸ், முகிலின் கீழே ஈரமான சதுப்புக்காடு இருப்பதாகக் கற்பனை செய்தார். 1962இல் மரினர் 2 கலமும், 1970 டிசம்பர் 15இல் தரையிறங்கிய வெனேரா 7 கலமும் உண்மையைக் காட்டின. வெப்பநிலை ஏறத்தாழ 465 பாகை செல்சியஸ். அமுக்கம் நம்முடையதைப்போல் தொண்ணூறு மடங்குக்கு மேல். காதலின் தீவு என்று பாட அங்கே ஒன்றுமில்லை. அறிவியலாளர் பழையபடி 'வீனுசியன்' என்றார்கள். இலக்கணப் பிழை மறந்துபோயிற்று. பலர் பெயரடையையே விட்டு 'வீனஸ் வளிமண்டலம்' என்று எழுதினர். நாம் ஆதியிலிருந்தே 'வெள்ளியின் வளிமண்டலம்' என்று வேற்றுமை உருபோடு எழுதி வருவதும் ஏறக்குறைய இதுவே. இந்த ஒரு விடயத்தில் தமிழாசிரியனாகக் கொஞ்சம் பெருமைப்பட்டுக் கொள்கிறேன்.

வெள்ளியின் நிலத்தோற்றங்களுக்குப் பெண்பெயர்களே சூட்டப்படுகின்றன. மூன்று விதிவிலக்குகள் மட்டும் உண்டு. அங்கே இஷ்தார் நிலமும் அப்ரோடைற்றி நிலமும் இருக்கின்றன. எகிப்தியக் கவிஞர் ஆயிஷா அத்தைமூரியாவின் பெயரில் ஒரு குழிவாய் இருக்கிறது. வடக்கே ஒரு மணற்குன்றுப் பரப்புக்கு அல்-உஸ்ஸா என்று பெயர்.