அணைப்பதற்கும் ஒரு முறை உண்டு

துணை மின்நிலையத்தில் வேலைக்குச் சேரும் எவருக்கும் முதல் வாரத்திலேயே சொல்லிக்கொடுக்கும் பாடம் ஒன்று உண்டு. லைனை நிறுத்த வேண்டுமானால் முதலில் பிரேக்கர், அப்புறம்தான் ஐசோலேட்டர். மின்சாரம் ஓடிக்கொண்டிருக்கும்போது ஐசோலேட்டரைத் திறந்தால் அதன் வாயில் நெருப்பு பாயும், பக்கத்தில் நிற்கும் ஆளையும் விடாது. திரும்ப லைன் கொடுக்கும்போது இந்த வரிசை தலைகீழ். முப்பது வருடத்துக்கு மேல் இதையே செய்து ஓய்வுபெற்றவன் நான். அதனால் 'எப்படி அணைப்பது' என்ற பேச்சு எங்கே வந்தாலும் என் காது அந்தப் பக்கம் திரும்பிவிடும்.

இப்போது அந்தப் பேச்சு அதிகமாக அடிபடுவது பேரன் பேத்திகள் வைத்திருக்கும் வீடியோ கேம் பெட்டியைச் சுற்றித்தான். நம் வயதுக்காரர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ராத்திரி படுக்கப் போகும்முன் வீடு முழுக்க ஒரு சுற்று வந்து சுவரில் இருக்கிற ஸ்விட்சையெல்லாம் தட்டிவிட்டுத்தான் படுப்போம். மறுநாள் காலையில் பையன் வந்து, "தாத்தா, என் கேம் போச்சு" என்று கண்ணைக் கசக்குவான். "டிவியை அணைத்தால் நாடகம் போய்விடுமா என்ன?" என்று தாத்தா கேட்பார். நம் குடியிருப்பில் நாலைந்து வீட்டிலாவது இந்தப் பஞ்சாயத்து நடந்திருக்கிறது. யார் பக்கம் நியாயம் என்று பார்க்க வேண்டுமானால், இந்தப் பெட்டிகளின் ஐம்பது வருடக் கதையைக் கொஞ்சம் புரட்ட வேண்டும்.

வீட்டு டிவியில் இணைத்து விளையாடும் முதல் பெட்டி அமெரிக்காவில் 1972-இல் விற்பனைக்கு வந்தது. ரால்ஃப் பேர் என்ற பொறியாளரின் யோசனை அது. மேக்னவாக்ஸ் நிறுவனம் 'ஒடிஸி' என்ற பெயரில் விற்றது. அதற்குள் கம்ப்யூட்டர் மூளை எதுவும் இல்லை. வெறும் டிரான்சிஸ்டர், டையோடுகள்தான். சத்தம் வராது. யார் எத்தனை புள்ளி என்பதை விளையாடுகிறவர்களே காகிதத்தில் எழுதிக்கொள்ள வேண்டும். பெட்டிக்கு எதுவுமே ஞாபகம் இராது என்பதால், அணைத்தால் போவதற்கும் ஒன்றுமில்லை.

1977-இல் அடாரி நிறுவனத்தின் பெட்டி வந்தது. கேசட்டை மாற்றி மாற்றிப் போட்டு வெவ்வேறு விளையாட்டு விளையாடலாம். அதற்குள் இருந்த தற்காலிக நினைவகம் மொத்தம் 128 பைட். அதாவது 128 ஆங்கில எழுத்துகள் கொள்ளும் இடம், ஒரு தபால் கார்டில் எழுதும் விஷயம்கூட அதில் அடங்காது. ஸ்விட்சைத் தட்டினால் அதுவும் அழியும். ஆனால் அந்தக் காலத்து விளையாட்டுகள் பத்து நிமிடம், கால் மணி நேரத்தில் முடிந்துவிடும். அதனால் யாரும் பெரிதாக வருத்தப்படவில்லை.

வருத்தம் தொடங்கியது ஜப்பானில். நின்டெண்டோ நிறுவனம் 1983-இல் 'ஃபேமிகாம்' என்ற பெட்டியை வெளியிட்டது. சில வருடங்களில் நாள்கணக்கில் ஆட வேண்டிய கதை விளையாட்டுகள் அதற்கு வந்தன. ஊர் ஊராகப் போக வேண்டும், வாள் வாங்க வேண்டும், ராட்சசனை அடிக்க வேண்டும். நடுவில் அம்மா சாப்பிடக் கூப்பிட்டால் என்ன செய்வது? 1986-இல் வந்த 'டிராகன் குவெஸ்ட்' இதற்கு ஒரு வழி வைத்திருந்தது. நிறுத்தும்போது திரையில் 20 ஜப்பானிய எழுத்துகள் வரும். மந்திரம் மாதிரி இருக்கும், அர்த்தம் எதுவும் கிடையாது. அதை நோட்டில் எழுதிவைத்து மறுநாள் திரும்ப உள்ளிட்டால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். கையில் எவ்வளவு பணம், என்ன ஆயுதம் என்ற விவரமெல்லாம் அந்த எழுத்துகளுக்குள் ஒளிந்திருக்கும். அடுத்த வருடம் வந்த இரண்டாம் பாகத்தில் இந்த மந்திரம் 52 எழுத்துகள் வரை நீண்டது. ஓர் எழுத்தைத் தப்பாக எழுதியிருந்தாலும் பெட்டி ஏற்காது. மங்கலான டிவித் திரையில் ஒன்றுபோல் தெரியும் எழுத்துகளை மாற்றி எழுதி, வாரக்கணக்கில் ஆடியதைத் தொலைத்த பிள்ளைகள் ஜப்பானில் ஏராளம். ஷிஃப்ட் முடியும்போது லாக் புத்தகத்தில் மீட்டர் அளவைத் தப்பாக எழுதினால் அடுத்த ஷிஃப்ட்காரர் படும் பாடு எனக்குத் தெரியும். அந்தப் பிள்ளைகள் மேல் எனக்கு இரக்கமே வருகிறது.

அடுத்த வழி பேட்டரி. இங்கேதான் நம் கதையின் முக்கியமான கட்டம் வருகிறது. 'லெஜண்ட் ஆஃப் செல்டா' என்ற விளையாட்டு ஜப்பானில் 1986-இல் ஃபிளாப்பி போன்ற தகட்டில் வந்தது. 1987-இல் அமெரிக்காவுக்குப் போனபோது அதைத் தங்க நிறக் கேசட்டில் போட்டு விற்றார்கள். அந்தக் கேசட்டுக்குள் கைக்கடிகாரத்தில் போடுவது போன்ற வட்டமான 3 வோல்ட் லித்தியம் பேட்டரி ஒன்றும், ஒரு சின்ன நினைவகச் சில்லும் இருந்தன. பெட்டியை அணைத்தாலும், கேசட்டைக் கழற்றி அலமாரியில் வைத்தாலும், அந்தப் பேட்டரி சொட்டுச் சொட்டாக மின்சாரம் கொடுத்து நினைவகத்தைக் காப்பாற்றும்.

இதோடு ஒரு விசித்திரமான அறிவுரையும் வந்தது. பவர் ஸ்விட்சை அணைக்கும்போது ரீசெட் பட்டனை அழுத்திப் பிடித்துக்கொண்டே அணைக்க வேண்டும். அப்படிச் செய்யாவிட்டால் சேமித்தது அழிந்துபோகலாம்.

முதலில் படித்தபோது மூடநம்பிக்கை போலத்தான் எனக்கும் தோன்றியது. ஆனால் காரணம் சுத்தமான மின்சாரக் காரணம். ஃபேன் ஸ்விட்சை அணைத்தால் ஃபேன் உடனே நிற்பதில்லை, நாலைந்து சுற்று சுற்றித்தான் நிற்கும். அதுபோல மின்சுற்றிலும் 5 வோல்ட் என்பது ஒரே அடியாகப் பூஜ்யம் ஆகாது, சரிந்து சரிந்து இறங்கும். அந்த ஒரு நொடிக்கும் குறைவான நேரத்தில் பெட்டியின் மூளை அரைமயக்கத்தில் இருக்கும். என்ன செய்கிறோம் என்றே தெரியாமல் கண்ட இடத்தில் கண்டதை எழுதும். அது பேட்டரி காத்துவரும் நினைவகத்தில் விழுந்தால் சேமித்ததெல்லாம் பாழ். ரீசெட் பட்டனைப் பிடித்திருக்கும்வரை மூளை எந்த வேலையும் செய்யாது. முதலில் மூளையை நிறுத்து, பிறகு மின்சாரத்தை நிறுத்து. எங்கள் பிரேக்கர், ஐசோலேட்டர் வரிசையேதான்! எட்டு வயதுப் பிள்ளைகள் இரண்டு விரலால் இதைப் பழகிக்கொண்டார்கள் என்பதை நினைத்தால் ஆச்சரியமாக இருக்கிறது.

இன்னொரு வேடிக்கை. அந்த விளையாட்டில் சாதாரணமாகச் சேமிக்க வேண்டுமானால் நாயகன் சாக வேண்டும். செத்த பிறகுதான் 'தொடரவா, சேமிக்கவா' என்று கேட்கும். சாகாமல் சேமிக்க, இரண்டாவது ஆட்டக்காரரின் கைப்பிடியில் இரண்டு பட்டன்களைச் சேர்த்து அழுத்தும் ஒரு குறுக்குவழி உண்டு.

நம்மூர் பஜாரில் 1990களில் 'டிவி கேம்' என்று விற்றதெல்லாம் பெரும்பாலும் இந்த ஃபேமிகாமின் நகல்கள்தான். ஒரே கேசட்டில் நூறு விளையாட்டு என்று அட்டையில் போட்டிருக்கும். அவற்றில் பேட்டரி வைத்தவை அபூர்வம். கரண்ட் போனால் ஆட்டம் முதலிலிருந்து. எங்கள் தெருவில் கரண்ட் போகும்போதெல்லாம் பையன்கள் என் வீட்டு வாசலைத்தான் முறைத்துப் பார்ப்பார்கள், நானே போய் அணைத்தது மாதிரி.

பேட்டரிக்கும் ஆயுள் உண்டு. பதினைந்து, இருபது வருடம் தாங்கும், அப்புறம் தீரும். ஜப்பானில் ஒருவர் 'உமிஹாரா கவாசே' என்ற விளையாட்டில் தான் சேமித்தது போய்விடக் கூடாது என்று, சுமார் 20 வருடம் தன் பெட்டியை அணைக்காமலேயே வைத்திருந்தார் என்று 2015-இல் செய்தி வந்தது. வீடு மாறும்போது மட்டும் ஒருமுறை பிளக்கைக் கழற்றினாராம். சிரிப்பு வந்தாலும், பழைய கடிதக் கட்டைத் தூக்கிப் போட மனம் வராமல் வைத்திருக்கும் நமக்கு அது புரியாத விஷயம் இல்லை.

1994-இல் சோனியின் பிளேஸ்டேஷன் வந்தது. குறுந்தகட்டில் எழுத முடியாது என்பதால் சேமிப்பதற்கு என்றே தீப்பெட்டி அளவில் ஒரு மெமரி கார்டு. கொள்ளளவு 128 கிலோபைட், அதை 15 கட்டங்களாகப் பிரித்திருந்தார்கள். பேட்டரி தேவையில்லை. ஆனால் எழுதி முடிக்கச் சில நொடிகள் பிடிக்கும். அதற்குள் கார்டைப் பிடுங்கக் கூடாது, பெட்டியை அணைக்கக் கூடாது என்று திரையில் எச்சரிக்கை வரும். பாதி எழுதிய பதிவேடு எழுதாத பதிவேட்டைவிட மோசம் என்பது அலுவலகத்தில் வேலை பார்த்த எல்லோருக்கும் தெரியும்.

நின்டெண்டோ ஒரு நல்ல நகைச்சுவையும் செய்தது. 2001-இல் ஜப்பானில் தொடங்கிய 'அனிமல் கிராசிங்' வரிசையில் ரெசெட்டி என்று ஒரு கோபக்கார அகழெலி உண்டு. சேமிக்காமல் அணைத்துவிட்டு மறுநாள் திறந்தால், மண்ணுக்குள்ளிருந்து எழும்பி வந்து திட்டும். மறுபடி செய்தால் இன்னும் நீளமாகத் திட்டும். சில சமயம் மன்னிப்புக் கேட்டு எழுதித் தரச் சொல்லும். பழைய காலத்து ஹெட்மாஸ்டர் மாதிரி! 2012-இல் வந்த பாகத்தில் அதன் அலுவலகம் வேண்டுமானால் கட்டிக்கொள்ளலாம் என்று ஆக்கிவிட்டார்கள். 2020-இல் வந்ததில் விளையாட்டு தானாகவே அவ்வப்போது சேமித்துக்கொள்கிறது. திட்டும் வேலைக்கு அவசியம் இல்லாமல் போயிற்று. என்னைப்போல அதுவும் ஓய்வுபெற்றுவிட்டது என்று நினைத்துக்கொள்கிறேன்.

2001-இல் மைக்ரோசாஃப்டின் முதல் எக்ஸ்பாக்ஸ் உள்ளேயே ஹார்ட் டிஸ்குடன் வந்தது. அதிலிருந்து இந்தப் பெட்டிகள் முழுக் கம்ப்யூட்டர்களாகவே ஆகிவிட்டன. இப்போது அவற்றில் விளையாட்டு மட்டுமா? யூடியூப் உண்டு, நெட்ஃபிளிக்ஸ் உண்டு. திரையில் எதுவும் ஆடாதபோதும் உள்ளே ஏதாவது இறங்கிக்கொண்டோ, பதிந்துகொண்டோ இருக்கும். 2013-இல் வந்த பிளேஸ்டேஷன் 4-ஐ விளக்கு எரியும்போதே பிளக்கைப் பிடுங்கினால், அடுத்த முறை திறக்கும்போது 'சரியாக அணைக்கவில்லை' என்று சொல்லிவிட்டுத் தன் சேமிப்பகத்தைப் பரிசோதிக்கத் தொடங்கும்.

2015-இல் ஒரு புதுப்பிப்பின் மூலம் அதே பெட்டிக்கு ஒரு வசதி சேர்ந்தது. ஆட்டத்தை மூடாமலேயே பெட்டியைத் தூங்க வைக்கலாம். எழுப்பினால் விட்ட இடத்தில் அப்படியே நிற்கும். 2017-இல் வந்த நின்டெண்டோ ஸ்விட்ச்சிலும் இப்படியே. 2020-இல் வந்த புது எக்ஸ்பாக்ஸ் ஒரே சமயத்தில் பல விளையாட்டுகளை நிறுத்திவைத்து, அந்த நிலையைத் தன் சேமிப்பகத்திலேயே எழுதிவைத்துக்கொள்ளும். அதனால் கரண்ட் போனாலும் அங்கே நிலைமை தப்பும். பிளேஸ்டேஷனில் அப்படி இல்லை. தூங்கும் ஆட்டம் தற்காலிக நினைவகத்தில்தான் இருக்கிறது. மின்சாரம் போனால் சேமிக்காத பகுதி போயே போச்சு. ஸ்விட்ச்சுக்குள் சொந்தமாக பேட்டரி இருப்பதால் அது பிழைத்துக்கொள்ளும்.

இப்போது பஞ்சாயத்துக்கு வருவோம். டிவி மாதிரிதானே என்ற தாத்தாவின் வாதம் செல்லாது. நாடகம் எங்கேயோ இருந்து ஒளிபரப்பாகிறது, விளையாட்டின் நிலை அந்தப் பெட்டிக்குள்ளேதான் இருக்கிறது. பிளேஸ்டேஷனில் ஆரஞ்சு விளக்கு எரிந்தால் அது அணைந்துவிட்டதாக அர்த்தம் இல்லை, தூங்குகிறது. அப்போது சுவர் ஸ்விட்சைத் தட்டக் கூடாது.

ஆனால் தாத்தாவின் கரண்ட் பில் கவலையிலும் நியாயம் இருக்கிறது. உடனே எழும் நிலையில் தூங்கும் எக்ஸ்பாக்ஸ் 10 முதல் 15 வாட் இழுக்கும். முழுதாக அணைந்தால் அரை வாட்தான். 10 வாட் என்றே வைத்துக்கொள்வோம். தினம் 20 மணி நேரம் தூங்கினால் ஐந்து நாளைக்கு ஒரு யூனிட், வருடத்துக்கு 73 யூனிட்.

அதனால் இருவருக்கும் பொதுவாக ஒரு வரிசை சொல்கிறேன். முதலில் விளையாட்டுக்குள்ளேயே சேமிக்க வேண்டும். அடுத்து விளையாட்டை மூட வேண்டும். பிளேஸ்டேஷன் 5 என்றால் முகப்புத் திரைக்கு வந்து, அந்த விளையாட்டின் படத்தின் மேல் நின்று, ஆப்ஷன்ஸ் பட்டனை அழுத்தினால் மூடும் வழி வரும். எக்ஸ்பாக்ஸில் நடுப்பட்டனை அழுத்தி, விளையாட்டைத் தேர்ந்து, மூன்று கோடு போட்ட பட்டன். ஸ்விட்ச்சில் ஹோம் பட்டன், பிறகு எக்ஸ் பட்டன். யூடியூப் போன்றவற்றையும் இதே வழியில் மூடலாம். பிறகு மெனுவில் தூக்கத்தைத் தேர்ந்தெடுக்காமல், முழுதாக அணைப்பதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். விளக்கு முற்றிலும் அணைந்த பிறகு தாத்தா தாராளமாகச் சுவர் ஸ்விட்சைத் தட்டலாம்.

விளையாட்டு உறைந்து நின்றுவிட்டாலும் முதல் வைத்தியம் பிளக்கைப் பிடுங்குவது அல்ல, இதேபோல மூடித் திறப்பதுதான். இணையத்தில் மற்றவர்களோடு ஆடும் விளையாட்டுகளைத் தூங்க வைத்து எழுப்பினால் தொடர்பு அறுந்திருக்கும். அவற்றை மூடித் திறந்துதான் ஆக வேண்டும்.

ஒன்பது மணிக்கு "போதும், அணை" என்று சொல்லும்போது, "சேமிச்சிட்டியாப்பா?" என்று ஒரு வார்த்தை கூடக் கேளுங்கள். இரண்டு நிமிடம் கேட்பான், கொடுங்கள். அந்த இரண்டு நிமிடத்தில் அவன் செய்வதைப் பக்கத்தில் நின்று பாருங்கள். அடுத்த முறை அவன் அப்படியே தூங்கிப்போனால் நீங்களே சரியாக அணைத்துவிடலாம்.