உரோமின் நாவன்மையும் இலண்டன் மேடையும்

1599ஆம் ஆண்டு செப்டம்பர் 21ஆம் நாள், சுவிட்சர்லாந்திலிருந்து வந்திருந்த தாமஸ் பிளாட்டர் என்னும் பயணி, நண்பகல் உணவு முடித்துத் தேம்ஸ் ஆற்றைக் கடந்தார். அக்கரையில் கூரை வேய்ந்த நாடக அரங்கொன்றில், உரோமின் ஜூலியஸ் சீசரைப் பற்றிய துன்பியல் நாடகத்தைக் கண்டார். ஏறத்தாழப் பதினைந்து பேர் சிறப்பாக நடித்தனர் என்றும், முடிவில் ஆண்வேடமும் பெண்வேடமும் புனைந்த சிலர் அழகுற ஆடினர் என்றும் தம் பயணக் குறிப்பில் எழுதி வைத்தார். அவர் கண்டது ஷேக்ஸ்பியரின் நாடகமே என்பது ஆய்வாளர் பெரும்பாலோர் கொள்கை. ஆட்டத்தை வியந்த பிளாட்டர், அந்நாடகத்தின் நடுவே நிற்கும் இரண்டு உரைகளைப் பற்றி ஒரு சொல்லும் எழுதவில்லை. அயல்நாட்டார், மன்னித்துவிடலாம். அவரைச் சூழ்ந்திருந்த இலண்டன் மாந்தருள் பள்ளி சென்றோரோ, தாம் சிறு வயதில் பிரம்படி பட்டுக் கற்ற பாடம் மேடையில் எழுந்து நடப்பதைக் கண்டிருப்பர்.

அக்காலத்து ஆங்கிலப் பள்ளிகளில் இலத்தீனே கல்வி. இலத்தீனில் சொல்வன்மையே முடிந்த பயன். சிசரோவின் நூல்களைப் பிள்ளைகள் மனப்பாடம் செய்தனர். குவிண்டிலியன் இயற்றிய பேச்சுக்கலைப் பெருநூலின் முழுச்சுவடி, செயின்ட் கால் மடாலயத்தில் போஜியோ என்னும் இத்தாலிய அறிஞரால் 1416இல் கண்டெடுக்கப்பட்ட பின், ஐரோப்பிய ஆசிரியர்களுக்கு அது வேதம்போல் ஆயிற்று. எராஸ்மஸ் 1512இல் வெளியிட்ட சொல்வளப் பாடநூலில், 'உமது கடிதம் எனக்கு மகிழ்ச்சி தந்தது' என்ற ஒரே கருத்தை நூற்றுக்கும் மேற்பட்ட வகைகளில் சொல்லிக் காட்டினார். பையன்கள் ஒரு வழக்கின் இரு பக்கங்களையும் மாறி மாறி வாதிட்டனர். இறந்துபோன தலைவன் வாயில் பொருந்தும் உரையைத் தாமே இயற்றினர். நாடகாசிரியன் ஆவதற்கு இதைவிட வேறு பயிற்சி வேண்டுமோ?

இதில் ஒரு முரண் உண்டு. இக்கலை உரோமக் குடியரசின் மன்றத்தில் பிறந்தது. வாக்குரிமை உள்ள குடிமக்களை வசப்படுத்தப் பிறந்தது. அதைக் கற்ற ஆங்கிலச் சிறுவர்களோ ஓர் அரசியின் குடிகள். நாட்டை ஆள்வது யார் என்பதைப் பற்றி அவர்கள் எந்த மன்றத்திலும் எழுந்து பேச இயலாது. பேசப் பழகிய நாவுக்குப் பேச இடமில்லை. அந்த இடத்தை நாடக மேடை கொடுத்தது. உரோமானியரின் உடை அதற்குப் போர்வையாயிற்று. இங்கிலாந்தின் மன்னர்களைப் பற்றி எழுதினால் அரசவையின் அனுமதி வேண்டும். சீசரைப் பற்றி எழுதினால் கேட்பார் குறைவு.

சீசர் கொல்லப்பட்டது கி.மு. 44 மார்ச் 15. பின்னர் நிகழ்ந்த இறுதிச்சடங்கில் அந்தோணி உண்மையில் என்ன பேசினான்? சூட்டோனியஸ் கூற்றுப்படி, செனட் சபையின் தீர்மானத்தைக் கட்டியக்காரனைக் கொண்டு படிக்கச் செய்து, தானும் மிகச் சில சொற்களே சேர்த்தான். புளூட்டார்க்கோ, மக்கள் மனம் நெகிழ்வதைக் கண்ட அந்தோணி குருதி தோய்ந்த ஆடையை எடுத்துக் காட்டினான் என்கிறார். 1579இல் தாமஸ் நார்த் ஆங்கிலமாக்கிய புளூட்டார்க்கையே ஷேக்ஸ்பியர் படித்தார். அதில் அவ்வுரை இல்லை; அது நிகழ்ந்த செய்தி மட்டுமே உண்டு. ஆனால் இரண்டு சிறு குறிப்புகள் உண்டு. புரூட்டஸ் கிரேக்கத்தில் கடிதம் எழுதினால் ஸ்பார்ட்டரைப்போல் சுருக்கமாக எழுதுவான் என்பது ஒன்று. அந்தோணியின் பேச்சு ஆசியப் பாணியில் பகட்டும் பெருக்கும் உடையது என்பது மற்றொன்று. இவ்விரு விதைகளிலிருந்தே இரண்டு உரைகளும் முளைத்தன.

புரூட்டஸ் உரைநடையில் பேசுகிறான். சொல்லுக்குச் சொல் எடை போட்டு நிறுத்திய வாக்கியங்கள். பகுத்தறிவை நோக்கிய வேண்டுகோள். கூட்டம் அதைக் கேட்டு என்ன செய்கிறது? இவனையே சீசர் ஆக்குவோம் என்று கூவுகிறது. முடியாட்சி வரக்கூடாதென்று நண்பனைக் குத்தியவனுக்கு முடி சூட்ட முன்வருகிறது! தன் பேச்சு ஒருவர் நெஞ்சிலும் இறங்கவில்லை என்பதை அவன் அறிந்தானில்லை. நாடகத்தின் அரசியல் முழுவதும் இந்த ஒரு கூவலில் அடங்கியிருக்கிறது என்பது என் கருத்து.

பின் வருபவன் அந்தோணி. கொலையாளரை மாண்புடையோர் என்று அவன் சொல்லச் சொல்ல, அச்சொல்லே வசையாக மாறுகிறது. நாம் வஞ்சப்புகழ்ச்சி என்று கற்ற அணி, அங்கே ஓர் ஆட்சியைக் கவிழ்க்கிறது. சீசரின் உயில் தன்னிடம் இருக்கிறது, ஆனால் படிக்கமாட்டேன் என்கிறான். படி படி என்று கூட்டம் மன்றாடுகிறது. நான் பேச்சாளன் அல்லேன் என்கிறான்; பேச்சாளரின் மிகப் பழைய பொய் அது. அடுத்து ஆடையைத் தூக்கிப் பிடித்து, இந்தக் கிழிசல் இன்னாருடைய கத்தி செய்தது என்று ஒவ்வொன்றாகச் சுட்டுகிறான். ஒன்றை மறவாதிருக்க வேண்டும்: கொலை நிகழ்ந்த வேளையில் அந்தோணி அங்கு இல்லை. டிரெபோனியஸ் என்பவன் முன்னரே அவனை வெளியே அழைத்துப் போய்விட்டான். எந்தக் கிழிசல் எவனுடையது என்று அவனுக்கு எப்படித் தெரியும்? கூட்டத்தில் ஒருவனும் கேட்கவில்லை. நாடகம் பார்ப்போரும் பெரும்பாலும் கேட்பதில்லை.

இந்த ஆடை பாடநூலிலேயே இருந்தது. துயரத்தைச் சொல்லால் மட்டுமன்றிப் பொருளாலும் காட்டி உணர்ச்சியை எழுப்பலாம் என்று குவிண்டிலியன் தம் நூலின் ஆறாம் பகுதியில் கூறி, இறுதிச்சடங்கில் காட்டப்பட்ட சீசரின் குருதி படிந்த ஆடை உரோம மக்களை வெறிகொள்ளச் செய்ததை அதற்குச் சான்றாகத் தருகிறார். ஆசிரியர் சான்றாகக் காட்டியதை ஷேக்ஸ்பியர் அதன் விளைவோடு காட்டினார். உயிலில் குடிமகன் ஒவ்வொருவனுக்கும் 75 டிராக்மா உண்டென்று சொல்லித் தீ மூட்டிய அந்தோணி, நான்காம் அங்கம் தொடங்கியதும், அந்தக் கொடைகளில் எதைக் குறைக்கலாம் என்று பார்ப்பதற்காக அதே உயிலைக் கொண்டுவரச் சொல்கிறான்.

உரை முடிந்த உடனே வரும் சிறு காட்சியைக் கவிஞர்கள் கூடும் வட்டத்தின் மலரில் சொல்லாமல் விடுவதற்கில்லை. சின்னா என்னும் கவிஞன் தெருவில் வருகிறான். சீசரோடு விருந்துண்பதாகக் கனாக் கண்டு மனம் கலங்கி வருகிறான். கூட்டம் வழிமறிக்கிறது. சின்னா என்ற பெயரில் சதிகாரன் ஒருவன் இருந்தான். நான் அவனல்லேன், கவிஞன் என்று இவன் கதறுகிறான். அப்படியானால் மோசமான கவிதைக்காகக் கிழி என்கிறான் ஒருவன். அவையில் சிரிப்பெழும், அச்சிரிப்பு அடங்குமுன் ஆள் போய்விடுகிறான். வரலாற்றில் இவன் ஹெல்வியஸ் சின்னா, ஒன்பது ஆண்டுகள் செதுக்கி ஒரு சிறு காவியம் இயற்றியவன், கட்டுல்லஸின் நண்பன். நாவன்மையின் முதல் பலி சொல்லைக் காதலித்தவனே.

அந்த 1599இல் இலண்டனில் வேறொன்றும் நடந்தது. ஜூன் 1 அன்று கான்டர்பரிப் பேராயரும் இலண்டன் ஆயரும் அங்கதச் செய்யுள்களுக்குத் தடை விதித்தனர். இங்கிலாந்தின் வரலாற்று நூல்களை அரசியின் ஆலோசனைக் குழுவினர் ஒப்புதலின்றி அச்சிடலாகாது என்றும் ஆணையிட்டனர். ஜூன் 4 அன்று அச்சகத்தார் மண்டபத்தில் கவிதை நூல்கள் எரிக்கப்பட்டன. சின்னா காட்சிக்கும் இதற்கும் தொடர்பு காட்ட ஆதாரம் இல்லை. அந்தக் காட்சியைக் கண்டோர் மூன்று திங்களுக்கு முன் எழுந்த புகையை மறந்திருப்பர் என்றும் நான் நம்பவில்லை.

அவ்வாண்டே நான்காம் ஹென்றியைப் பற்றி நூலெழுதிய ஜான் ஹேவர்ட் மறு ஆண்டு கோபுரச் சிறைக்கு அனுப்பப்பட்டார். அந்நூலில் இராசத்துரோகம் உண்டா என்று எலிசபெத் அரசி கேட்டபோது, துரோகம் இல்லை, திருட்டு உண்டு, டாசிட்டஸின் வாக்கியங்களை எடுத்துக்கொண்டுள்ளார் என்று பேக்கன் விடையளித்தாராம். நகைச்சுவையால் ஓர் உயிரைக் காக்க முயன்ற சொல்வன்மை இது.

டாசிட்டஸைக் கையில் எடுத்த இன்னொருவர் பென் ஜான்சன். வெஸ்ட்மின்ஸ்டர் பள்ளியில் காம்டனிடம் பயின்றவர். அவரது 'செஜானஸ்' 1603இல் அரங்கேறியது. நடித்தோர் பட்டியலில் ஷேக்ஸ்பியர் பெயரும் உண்டு. திபேரியஸ் பேரரசன் காலத்து உரோமே கதைக்களம். குடியரசு போய்விட்டது, செனட் சபை முகம் பார்த்துப் பேசுகிறது, ஒற்றர் சுவர்களுக்கும் செவி தந்துள்ளனர். அங்கே கிரெமூட்டியஸ் கார்டஸ் என்னும் வரலாற்றாசிரியரை மன்றத்தில் நிறுத்துகின்றனர். தம் நூலில் புரூட்டஸைப் புகழ்ந்தார், காசியஸை உரோமானியருள் கடைசி மனிதன் என்றார் என்பதே குற்றம். கி.பி. 25இல் உண்மையாகவே நடந்த வழக்கு இது. என் செயலில் குற்றமில்லாததால் என் சொல்லைக் குற்றமாக்குகிறீர் என்று தொடங்கும் கார்டஸின் வாதத்தை, ஜான்சன் டாசிட்டஸிலிருந்து ஏறக்குறைய வரிக்கு வரி மொழிபெயர்த்தார். அந்தோணியின் உரைபோல் அதில் தந்திரம் இல்லை, நேரான பேச்சு. நூல்களை எரிக்க ஆணை பிறக்கிறது.

நாடகத்தை வெகுமக்கள் ஏற்கவில்லை. செஜானஸை உரோமக் கூட்டம் கிழித்ததைவிடத் தம் நாடகம் இங்கே குறைவாகப் பாடுபடவில்லை என்று ஜான்சனே பின்னாளில் கசந்து எழுதினார். அதைவிடப் பெரிய ஆபத்து அரசிடமிருந்து வந்தது. நார்த்தாம்ப்டன் பிரபு இந்நாடகத்துக்காகத் தம்மை ஆலோசனைக் குழுவின் முன் நிறுத்தி, கத்தோலிக்கச் சார்பும் துரோகமும் சுமத்தினார் என்று அவர் பின்னர் நண்பர் டிரம்மண்டிடம் சொல்லியிருக்கிறார். 1605இல் அச்சான நூலின் ஓரங்களெல்லாம் இலத்தீன் மேற்கோள் குறிப்புகள். புலமைச் செருக்கு என்று சிலர் சொல்வர். எனக்கு அது கேடயமாகவே தோன்றுகிறது: நான் சொல்லவில்லை, டாசிட்டஸ் சொன்னார்.

1611இல் அவர் 'கட்டிலைன்' நாடகத்தில் சிசரோவின் புகழ்பெற்ற உரையை நீண்ட அளவில் பேசவைத்தார். அவையோர் பொறுக்கவில்லை. ஷேக்ஸ்பியரோ தம் சீசர் நாடகத்தில் சிசரோவுக்குச் சில வரிகளே கொடுத்தார். சீசருக்கு முடி நீட்டப்பட்ட நாளில் சிசரோ பேசியது கிரேக்கம், எனக்குப் புரியவில்லை என்று காஸ்கா சொல்வதோடு சரி. பின்னர் அவர் கொல்லப்பட்ட செய்தி ஒரு வரியில் வருகிறது. உரோமின் தலைசிறந்த நாவலன் அந்த மேடையில் ஏறத்தாழ ஊமை.

கி.மு. 43 டிசம்பர் 7 அன்று அந்தோணியின் ஆட்கள் சிசரோவைக் கொன்றனர். கார்டஸ் பட்டினி கிடந்து இறந்தார். எரிந்த அவர் நூலின் படிகளை மகள் மார்சியா காப்பாற்றி, பிற்காலத்தில் மீண்டும் வெளிவரச் செய்தாள். ஆயினும் நூல் நம் கைக்கு வந்து சேரவில்லை. சின்னாவின் காவியத்திலும் சில வரிகளே எஞ்சியுள்ளன. கார்டஸின் எழுத்தில் மிஞ்சிய துணுக்குகளுள் ஒன்று, மூத்த செனெகா தம் சொற்பயிற்சி நூலில் எடுத்துக்காட்டாகச் சேர்த்து வைத்ததால் பிழைத்தது. சிசரோ நின்று பேசிய அதே மன்ற மேடையில், வெட்டப்பட்ட அவர் தலையும் வலக்கையும் தொங்கியதை மக்கள் அண்ணாந்து பார்த்த காட்சியே அதில் எழுதப்பட்டிருக்கிறது.